யானைப் பற்பசை பொங்கவில்லை, எரிமலை சீறவில்லை: நுரைச் சோதனைகளில் பிழை கண்டு நீக்கும் வழிமுறை

யானைப் பற்பசை என்பது ஹைட்ரஜன் பெராக்சைடை ஈஸ்ட் சிதைக்க, வரும் ஆக்சிஜன் சோப்பு நுரையாகப் பொங்கும் சோதனை; எரிமலை என்பது வினிகரும் சமையல் சோடாவும் சேர்ந்து சீறும் சோதனை. பள்ளி அறிவியல் கண்காட்சி நெருங்கும் நாட்களில் பெற்றோரும் ஆசிரியர்களும் என்னிடம் கேட்பது பெரும்பாலும் ஒரே கேள்விதான்: சொன்னபடியே எல்லாவற்றையும் ஊற்றினோம், நுரை வரவில்லை, என்ன செய்வது? இதற்குப் பலர் தாமாகவே தேர்ந்துகொள்ளும் தீர்வு, இன்னும் வீரியமான பெராக்சைடைத் தேடிப் போவது. அது பயன் தராத தீர்வு, ஆபத்தான தீர்வும்கூட. நான் பார்த்த தோல்விகளில் மிகப் பெரும்பாலானவை வீரியம் இழந்த ஒரு பொருளாலோ, அளவுக்குப் பொருந்தாத புட்டியாலோ, உப்புத் தண்ணீராலோ நேர்ந்தவை. அடுப்படியில் இருப்பதைக் கொண்டே சிறிது நேரத்தில் கண்டுபிடித்துச் சரிசெய்யக்கூடியவை. ஆகவே ஒவ்வோர் அறிகுறிக்கும் செலவில்லாத காரணத்தை முதலிலும் செலவு வைக்கும் காரணத்தைக் கடைசியிலும் வைத்து எழுதியிருக்கிறேன். அந்த வரிசையிலேயே பாருங்கள்.

## எந்த அளவை அடிப்படையாகக் கொள்கிறோம்

யானைப் பற்பசைக்கு: 500 மி.லி. கொள்ளும், கழுத்து குறுகிய பிளாஸ்டிக் புட்டியில் 6 சதவீத ஹைட்ரஜன் பெராக்சைடு 100 மி.லி., பாத்திரம் கழுவும் திரவம் ஒரு மேசைக்கரண்டி. தனிக் கிண்ணத்தில் உலர் ஈஸ்ட் ஒரு மேசைக்கரண்டியை மூன்று மேசைக்கரண்டி வெதுவெதுப்பான நீரில் கட்டியில்லாமல் கரைத்து, இரண்டு மூன்று நிமிடம் வைத்திருந்து, புனல் வழியாக ஒரே மூச்சில் புட்டிக்குள் ஊற்றிவிட்டுப் புனலை உடனே எடுத்துவிட வேண்டும்.

எரிமலைக்கு: 4 சதவீத வெள்ளை வினிகர் 100 மி.லி., பாத்திரம் கழுவும் திரவம் அரைத் தேக்கரண்டி, சமையல் சோடா தலைதட்டாமல் குவித்த ஒரு தேக்கரண்டி.

இரண்டுக்கும் பொதுவான நிபந்தனைகள் சில உண்டு. பெராக்சைடை அளப்பதும் ஊற்றுவதும் பாதுகாப்புக் கண்ணாடியும் கையுறையும் அணிந்த பெரியவரின் வேலை. அருகில் நிற்கும் குழந்தைகளுக்கும் கண்ணாடி வேண்டும். புட்டியின் வாயை எக்காரணம் கொண்டும் மூடக்கூடாது, கையால்கூட. செம்பு, பித்தளை, இரும்புப் பாத்திரங்களில் பெராக்சைடை ஊற்றக்கூடாது. அளந்ததில் மிஞ்சியதை மறுபடி மருந்துப் புட்டியில் ஊற்றக்கூடாது. அதனோடு போகும் சிறு துகள்கூட உள்ளே இருப்பதைச் சிதைத்து வாயுவை உண்டாக்கும், மூடிய புட்டிக்குள் அழுத்தம் ஏறும்.

## எந்த அறிகுறியானாலும் முதலில்: கரண்டிச் சோதனை

புட்டியில் கலந்த பிறகு எது கெட்டது என்று சொல்ல முடியாது. அதனால் சோதனைக்கு முந்தைய நாளே ஒவ்வொரு பொருளையும் தனித்தனியே ஒரு கரண்டியளவு எடுத்துப் பார்த்துவிட வேண்டும் என்று எல்லாரிடமும் வற்புறுத்துகிறேன். இந்த ஒரு பழக்கம் இருந்தால் கீழே உள்ள பாதிப் பத்திகள் உங்களுக்குத் தேவைப்படாது.

பெராக்சைடுக்கு, அப்போதுதான் நறுக்கிய பச்சை உருளைக்கிழங்குத் துண்டு ஒன்று போதும். நறுக்கிய முகத்தில் நான்கைந்து துளி விடுங்கள். நல்ல பெராக்சைடு என்றால் சில நொடிகளில் துளியின் விளிம்பில் ஊசிமுனை அளவுக் குமிழிகள் அரும்பி, அரை நிமிடத்துக்குள் துண்டின் மேல் வெண்ணுரைப் படலம் ஒன்று உருவாகும். துளி தண்ணீரைப் போலவே கிடந்தால் அந்தப் புட்டியை நம்ப வேண்டாம். வேகவைத்த கிழங்கில் இது நடக்காது. பச்சைக் கிழங்காகவே இருக்க வேண்டும்.

ஈஸ்ட்டுக்கு, சர்க்கரை கலந்த வெந்நீரில் நுரைக்கிறதா என்று பார்ப்பது ரொட்டி சுடுபவர்களுக்கான சோதனை. அது ஈஸ்ட் உயிரோடு இருக்கிறதா என்பதைத்தான் சொல்லும். நமக்கு வேண்டியது ஈஸ்ட்டின் உயிர் அன்று, அதிலிருந்து பெராக்சைடைச் சிதைக்கும் கேட்டலேஸ் என்னும் நொதி. மாவைப் பொங்க வைக்காத பழைய ஈஸ்ட் பெராக்சைடில் நன்றாகவே வேலை செய்வதுண்டு. ஆகவே கரைத்த ஈஸ்ட்டில் ஒரு கரண்டி எடுத்து, அதன்மேல் நேரடியாக ஒரு கரண்டி பெராக்சைடை ஊற்றிப் பார்ப்பதே சரியான சோதனை.

இரண்டையும் சேர்த்துப் படியுங்கள். கிழங்கு நுரைத்து ஈஸ்ட் நுரைக்காவிட்டால் குறை ஈஸ்ட்டில். இரண்டுமே நுரைக்காவிட்டால் குறை பெராக்சைடில். இரண்டும் நுரைத்தும் புட்டியில் நுரை நிற்காவிட்டால் குறை சோப்பிலோ நீரிலோ அளவிலோ இருக்கிறது.

## அறிகுறி 1: ஈஸ்ட்டை ஊற்றியும் ஒன்றுமே நடக்கவில்லை

குமிழி ஒன்றுகூட இல்லை என்றால்

ஈஸ்ட் கரைத்த நீரின் சூட்டை முதலில் விசாரியுங்கள். குழந்தையைக் குளிப்பாட்டும் சூடு போதும், ஏறத்தாழ 40 டிகிரி செல்சியஸ். 'நன்றாகக் கரையட்டும்' என்று கொதிநீரை ஊற்றியிருந்தால் நொதி வெந்து செயலிழந்திருக்கும். வேகவைத்த கிழங்கு நுரைக்காததற்கும் இதுவே காரணம். புதிதாக ஒரு கரண்டி ஈஸ்ட்டை வெதுவெதுப்பான நீரில் கரைத்து ஊற்றினால் தீர்ந்துவிடும்; செலவு ஏதுமில்லை.

அடுத்து, கையிலிருப்பது ஈஸ்ட்தானா என்று பாருங்கள். கேக் பொருள்கள் விற்கும் கடைகளில் ஈஸ்ட்டும் பேக்கிங் பவுடரும் அருகருகே இருப்பதால் மாறி வந்துவிடுகிறது. ஈஸ்ட் பழுப்பு நிறத்தில் மணல்போல உருண்டு உருண்டு இருக்கும், கள்ளின் மணம் இலேசாக அடிக்கும். பேக்கிங் பவுடர் வெள்ளை மாவு.

இரண்டும் சரியாக இருந்தால் பெராக்சைடு பழுதாகியிருக்கிறது. வெளிச்சமும் வெப்பமும் அதைத் தண்ணீராகவும் ஆக்சிஜனாகவும் பிரித்துவிடும் என்பதால்தான் ஒளிபுகாத புட்டியில் விற்கிறார்கள். திறந்து மாதக்கணக்கில் முதலுதவிப் பெட்டியில் கிடந்ததையோ, சித்திரை வெயிலில் சன்னலோரம் நின்றதையோ எடுத்துச் சோதனை செய்தால் தண்ணீரில்தான் சோதனை செய்கிறீர்கள். உருளைக்கிழங்குச் சோதனை இதை உறுதிசெய்தால் புதுப் புட்டி வாங்குவதைத் தவிர வழியில்லை. ஓட்டம் மிகுந்த மருந்துக்கடையில், உற்பத்தித் தேதியைப் பார்த்து வாங்குங்கள்.

குமிழி வருகிறது, ஆனால் சோம்பலாக வருகிறது என்றால்

ஈஸ்ட் கட்டி கட்டியாக இருந்திருக்கலாம். உலர் ஈஸ்ட் நீரின்மேல் மிதந்து, வெளிப்புறம் நனைந்து உட்புறம் காய்ந்த உருண்டைகளாக நின்றுவிடும். கரண்டியின் முதுகால் கிண்ணத்தின் பக்கவாட்டில் தேய்த்துக் கூழாக்க வேண்டும். ஊற்றிய பிறகு புனலின் உட்சுவரைப் பாருங்கள். கூழில் பாதி அங்கேயே ஒட்டிக்கொண்டிருந்தால் பாதி ஈஸ்ட்டோடு தான் சோதனை நடந்திருக்கிறது. அகன்ற வாய்ப் புனல், அல்லது மேற்பகுதியை வெட்டித் தலைகீழாக்கிய பிளாஸ்டிக் புட்டி இதற்கு ஏற்றது.

குளிர்பதனப் பெட்டியிலிருந்து எடுத்த பெராக்சைடை அப்படியே பயன்படுத்தினாலும் வேகம் குறையும். அறையில் அரை மணி நேரம் வைத்திருந்து ஊற்றுங்கள். அடுப்பிலோ வெயிலிலோ வைத்துச் சூடாக்க வேண்டாம்.

அழகுநிலையங்களில் தலைச்சாயத்துடன் கலக்கும் டெவலப்பரை வாங்கி வருவோரும் உண்டு. அதிலும் பெராக்சைடுதான் இருக்கிறது. ஆனால் அது எளிதில் சிதையாமலிருக்க நிலைப்படுத்திகள் சேர்த்திருப்பார்கள், பெரும்பாலும் கெட்டியான களிம்பாக வேறு இருக்கும். நுரை தாமதமாகவும் குறைவாகவும் வருவது அந்தப் பொருளின் இயல்பு. மருந்துக்கடையில் கிடைக்கும் தெளிந்த திரவத்துக்கு மாறுங்கள்.

## அறிகுறி 2: நுரை வருகிறது, புட்டியின் வாயை எட்டவில்லை

இதுதான் மிகுதியாக வரும் முறையீடு. இங்கேதான் பலர் வீரியத்தை ஏற்றப் போகிறார்கள். அதனால் இதைச் சற்று விரிவாகவே சொல்கிறேன்.

பெராக்சைடுப் புட்டியில் சதவீதத்துடனோ அதற்குப் பதிலாகவோ '10 வால்யூம்', '20 வால்யூம்' என்று அச்சிட்டிருப்பார்கள். அது வெறும் வணிகக் குறியீடு அன்று, ஒரு மி.லி. திரவம் முழுதும் சிதைந்தால் எத்தனை மி.லி. ஆக்சிஜன் வரும் என்பதையே சொல்கிறது. 3 சதவீதம் என்பது 10 வால்யூம், 6 சதவீதம் என்பது 20 வால்யூம், 12 சதவீதம் என்பது 40 வால்யூம். ஆகவே 3 சதவீதத்தில் 100 மி.லி. எடுத்தால் உங்களுக்குக் கிடைக்கக்கூடிய வாயு, ஒரு குமிழிகூட வீணாகாவிட்டாலும், ஒரு லிட்டர்தான். 6 சதவீதத்தில் இரண்டு லிட்டர்.

இப்போது புட்டியைப் பாருங்கள். இரண்டு லிட்டர் குளிர்பானப் புட்டியில் 3 சதவீதத்தை 100 மி.லி. ஊற்றியிருந்தால், ஈஸ்ட் எவ்வளவு புதிதாக இருந்தாலும் நுரை வாயைத் தாண்ட வழியே இல்லை. பொருளில் எந்தக் குறையும் இல்லை, கணக்கில்தான் குறை. அதே கலவையை 250 மி.லி. புட்டியில் ஊற்றினால் தாராளமாக வழியும். புட்டியை மாற்றுவது காலிப் புட்டியின் விலை. வீரியத்தை மாற்றுவது தோலுக்கும் கண்ணுக்கும் வரும் விலை.

புட்டி பொருத்தமாக இருந்தும் எட்டவில்லை என்றால் வரிசையாக இவற்றைப் பாருங்கள். ஈஸ்ட்டைச் சிறிது சிறிதாக ஊற்றினீர்களா? அப்படியானால் முதலில் எழுந்த நுரை உடைந்து தணிந்த பிறகே அடுத்தது எழும்; ஒரே மூச்சில் ஊற்றினால்தான் ஒன்றின்மேல் ஒன்று ஏறும். ஈஸ்ட் கரைக்க நீரை அதிகமாகச் சேர்த்தீர்களா? அரைக் குவளை நீரில் கரைத்தால் பெராக்சைடின் செறிவைப் பாதியளவுக்கு நீங்களே குறைத்துவிட்டீர்கள். சோப்புத் திரவம் போதுமா? ஒரு மேசைக்கரண்டியில் தொடங்கி, ஒன்றரை வரை போகலாம். அதற்கு மேல் சேர்த்தால் கலவை கனத்து நுரையின் எழுச்சி குறையும். இத்தனையும் சரியென்றால் திறந்து வைத்த பெராக்சைடு பாதி வீரியம் இழந்திருக்கிறது என்று கொண்டு புதியது வாங்குங்கள். வாங்கும்போது 6 சதவீதத்தைத் தாண்டாதீர்கள்.

## அறிகுறி 3: குமிழி பொங்குகிறது, நுரையாக நிற்பதில்லை

சத்தம் கேட்கிறது, புட்டி சூடாகிறது, ஆனால் மேலே வருவது சோடாத் தண்ணீர்போல உடைந்துவிடுகிறது என்றால் வாயு நன்றாகவே உண்டாகிறது. அதைப் பிடித்து வைக்க ஆளில்லை. பெராக்சைடையோ ஈஸ்ட்டையோ குறை சொல்லாதீர்கள்.

எண்ணெய்ப் பிசுக்கே முதல் எதிரி. எண்ணெய் ஊற்றி வைத்திருந்த புட்டியை ஒரு முறை அலசிவிட்டுப் பயன்படுத்தினால் உள்சுவரில் படிந்த மென்படலம் குமிழிகளை உடைத்துக்கொண்டே இருக்கும். சோதனைக்குத் தண்ணீர்ப் புட்டியையே எடுங்கள்.

கைச்சுத்திகரிப்பானும் அதே வேலையைச் செய்யும். அதிலுள்ள ஆல்கஹால் நுரையை அடக்கிவிடும். கை துடைத்த ஈரத்தோடு கலவையைத் தொடுவதால் பெரிதாகக் கெடாது. 'வழவழப்பாக இருக்கிறதே' என்று அதையே சோப்புக்குப் பதிலாக ஊற்றுவதால் கெடுகிறது.

மூன்றாவது, எந்தச் சோப்பு என்பது. முன்புறக் கதவு கொண்ட சலவை இயந்திரத்துக்கான திரவங்கள் நுரை குறைவாக வரும்படியே தயாரிக்கப்படுகின்றன, அவை உதவா. பாத்திரம் கழுவும் திரவமோ சாதாரண ஷாம்பூவோ போதும். கண்டிஷனர் கலந்த ஷாம்பூவைத் தவிருங்கள்.

நான்காவது, தண்ணீர். ஆழ்துளைக் கிணற்று நீர் உப்பாக இருக்கும் ஊர்களில் சோப்பு நுரைக்காது என்பது வீட்டில் துணி துவைப்பவர்களுக்குத் தெரியும். சோதனைக்கும் அது பொருந்தும். ஒரே அளவான இரண்டு சிறு புட்டிகளில், ஒன்றில் கேன் தண்ணீரும் மற்றதில் குழாய்த் தண்ணீரும் பாதியளவு எடுத்து, இரண்டு துளி சோப்புத் திரவம் விட்டு, மூடி, பத்து முறை குலுக்கி வையுங்கள். குழாய்த் தண்ணீரில் நுரை பாதி உயரம்கூட இல்லையென்றால் ஈஸ்ட்டைக் கேன் தண்ணீரில் கரையுங்கள். இந்தக் குலுக்கலைச் சோப்பிலும் தண்ணீரிலும் மட்டுமே செய்யலாம். பெராக்சைடோ வினிகரோ சேர்ந்த புட்டியை மூடிக் குலுக்குவது வெடிப்பில் முடியும்.

## அறிகுறி 4: நிறம் சரியாக வரவில்லை

உணவு நிறம் முழுக்கக் கரைந்து வெளுப்பாகத் தெரிந்தால், பெரும்பாலும் அதைப் பெராக்சைடோடு கலந்து நெடுநேரம் வைத்திருந்திருக்கிறீர்கள். பெராக்சைடு வெளுப்பான், காத்திருக்கும் நேரமெல்லாம் நிறத்தை உண்ணும். ஈஸ்ட்டை ஊற்றுவதற்குச் சற்று முன் சேருங்கள். பற்பசையில் இருப்பதைப் போன்ற கோடுகள் வேண்டுமென்றால் கலக்காமல், புட்டியின் வாய் விளிம்பில் உட்புறமாக இரண்டு மூன்று இடங்களில் துளி துளியாக வழியவிடுங்கள். மேலேறும் நுரை கோடுகளை இழுத்துக்கொண்டு வரும்.

எரிமலையில் மஞ்சள்தூள் சேர்த்தவர்கள் சோடாவோடு கலந்ததும் அது செங்கல் நிறமாக மாறுவதைக் கண்டு பதறுகிறார்கள். அது பிழையன்று. சோடா போன்ற காரப்பொருளில் மஞ்சள் சிவக்கும், வினிகர் போதிய அளவு சேர்ந்ததும் மறுபடி மஞ்சளாகும். சிவப்பாகவே நின்றுவிட்டால் வினிகர் போதவில்லை என்று பொருள். இதைவிடத் தெளிவான அளவுகாட்டி வேறு வேண்டியதில்லை. சோடாவில் மஞ்சள் கலந்து தொடங்குவதைக் குழந்தைகளுக்கு நான் விரும்பியே பரிந்துரைக்கிறேன்.

## அறிகுறி 5: எரிமலை சீறவே இல்லை

வெள்ளைப் பொடிகள் மூன்று ஒன்றையொன்று ஒத்திருக்கும்: சமையல் சோடா, பேக்கிங் பவுடர், சலவை சோடா. ஆப்ப சோடா என்றும் சோடா உப்பு என்றும் சொல்லும் சமையல் சோடாதான் வேண்டும். எலுமிச்சைச் சாற்றை ஒரு சொட்டு விட்டதும் சுறுசுறுவென்று பொங்கினால் அது சரி. வெறும் தண்ணீர் விட்டாலே மெல்லப் பொங்கினால் அது பேக்கிங் பவுடர். அதற்குள்ளேயே அமிலம் கலந்திருக்கிறது, சோடா குறைவு, எழுச்சியும் குறைவு. சலவை சோடா ஏமாற்றும்: சிறிது அமிலம் பட்டால் அது முதலில் சமையல் சோடாவாக மாறுவதோடு நின்றுவிடும், வாயு வராது, நிறைய அமிலம் சேர்த்த பிறகே குமிழி தெரியும். தோலையும் கண்ணையும் அரிக்கும் பொருள் என்பதால் அதைக் குழந்தைகள் கையில் கொடுக்கவே கூடாது.

பொடி சரியென்றால் வினிகரைப் பாருங்கள். லேபிளில் அசிட்டிக் அமிலம் 4 அல்லது 5 சதவீதம் என்று இருக்க வேண்டும். சில வீடுகளில் 'மிகப் புளிப்பாக இருக்கிறது' என்று தண்ணீர் கலந்து வைத்திருப்பார்கள். வினிகர் கிடைக்காத இடத்தில் எலுமிச்சைச் சாறு அல்லது மளிகைக் கடையில் எலுமிச்சை உப்பு என்று தரும் சிட்ரிக் அமிலத்தை நீரில் கரைத்து எடுக்கலாம். கெட்டியான புளிக்கரைசலும் பொங்கும், அதன் நிறம் எரிமலைக்குப் பொருத்தமாகவே இருக்கும். கழிப்பறை கழுவும் அமிலத்தையோ மின்கல அமிலத்தையோ மாற்றாக நினைக்கவே வேண்டாம்.

## அறிகுறி 6: ஒரே சீறலில் அடங்கிவிடுகிறது

சீறல் முடிந்ததும் அடியில் வெள்ளைப் பொடி தங்கியிருக்கிறதா பாருங்கள். தங்கியிருந்தால் அதன்மேல் ஒரு கரண்டி வினிகர் விடுங்கள். மறுபடி பொங்கினால் வினிகர்தான் குறைவு. பொடி எதுவும் இல்லையென்றால் ஒரு சிட்டிகை சோடா போடுங்கள். பொங்கினால் சோடாதான் குறைவு. 4 சதவீத வினிகர் 100 மி.லி.யில் வேலை செய்யக்கூடிய சோடா ஐந்தரை கிராம் அளவுதான், அதிலிருந்து வரும் வாயு ஒன்றரை லிட்டரைச் சற்றே தாண்டும். அரைக் கிண்ணம் சோடாவைக் கொட்டினால் மிச்சமெல்லாம் அடியில் சேறாகக் கிடக்கும்.

இரண்டும் தீர்ந்துபோயிருந்தால் பொருள் வீணாகவில்லை, வேகம்தான் அதிகம். சோடாவை மெல்லிய காகிதக் கைக்குட்டையில் சுருட்டிப் புட்டிக்குள் நழுவவிட்டால் காகிதம் நனைந்து பிரியும் வரை நேரம் கிடைக்கும், பொங்கலும் நீளும். சோப்புத் திரவம் சேர்க்காதவர்களுக்கும் இதே குறை வரும்; வாயு வந்த வேகத்தில் பறந்துவிடும்.

நுரைக்குப் பதிலாக வெண்ணிறத் திரிகள் மிதந்தால், குளியல் சோப்பைச் சீவிப் போட்டிருக்கிறீர்கள். அமிலம் பட்டதும் சோப்பு உடைந்து கொழுப்பமிலமாகத் திரண்டுவிடும், பிறகு நுரைக்காது. பெராக்சைடுச் சோதனையில் சமாளிக்கும் சோப்புச் சீவல் வினிகரில் தோற்பது இதனால்தான். பாத்திரம் கழுவும் திரவத்துக்கு அந்தக் குறை இல்லை.

எரிமலைக் குடுவை குளிர்ந்துவிட்டது என்று கவலைப்பட வேண்டாம். இந்த வினை வெப்பத்தை உள்ளிழுப்பது. யானைப் பற்பசை வெப்பத்தை வெளியிடுவது. குழந்தைகளிடம் இரண்டு புட்டிகளையும் வெளிப்புறமாகத் தொட்டுப் பார்க்கச் சொல்லுங்கள்.

## அறிகுறி 7: வீட்டில் பொங்கியது, மேடையில் பொங்கவில்லை

முதல் சந்தேகம், மறுமுறை பயன்படுத்திய புட்டியின்மேல். முந்தைய சுற்றின் ஈஸ்ட் சிறிதளவு உள்ளே தங்கியிருந்தால், பெராக்சைடை ஊற்றிய கணமே அது சிதையத் தொடங்கிவிடும். நடுவர்கள் வந்து சேர்வதற்குள் வாயு தீர்ந்திருக்கும். சுற்றுக்கொரு புட்டி வைத்துக்கொள்ளுங்கள். ஒரே புட்டியில் வினிகர்ச் சோதனையையும் பெராக்சைடுச் சோதனையையும் மாற்றி மாற்றிச் செய்யாதீர்கள். வினிகரும் பெராக்சைடும் சேர்ந்தால் கண்ணையும் மூக்கையும் எரிக்கும் பெராசிட்டிக் அமிலம் உருவாகக்கூடும். மேசையைத் துடைக்கும் துணியில் ப்ளீச்சிங் பவுடர் கரைசல் இல்லாமல் பார்த்துக்கொள்ளுங்கள். வினிகரோடு அது சேர்ந்தால் குளோரின் வாயு வரும்.

இரண்டாவது, காலையில் கரைத்த ஈஸ்ட். வீட்டில் கரைத்த உடனே ஊற்றியிருப்பீர்கள். பள்ளியில் அது மணிக்கணக்கில் கிண்ணத்தில் ஆறி, அடியில் படிந்திருக்கும். உலர் ஈஸ்ட்டாகவே கொண்டுபோய், குடுவையில் வெந்நீர் எடுத்துச் சென்று, அங்கே விளாவிக் கரையுங்கள்.

பெராக்சைடை வெயிலில் நிற்கும் வாகனத்தில் வைக்காதீர்கள். மேசையைக் குத்துவிளக்குக்கு அருகே போடாதீர்கள். நுரைக்குள் இருப்பது ஆக்சிஜன், அது தீயை ஓங்கச் செய்யும். குளிரூட்டிய அரங்கில் எழுச்சி சற்றுத் தாமதமாவதும் இயல்பே, ஒரு நிமிடம் பொறுங்கள்.

## அறிகுறி 8: புட்டி சுருங்கி வளைந்தது, அல்லது ஆவி கிளம்பியது

இது குறைந்த நுரையின் பிரச்சினை அன்று. உடனே நிறுத்த வேண்டிய அறிகுறி. 6 சதவீதத்தில் நமது அளவுக்கு வெப்பம் ஏறினாலும் கலவை 50 டிகிரியை ஒட்டியே நிற்கும். 12 சதவீதத்தில் அதே அளவு எடுத்தால் கணக்குப்படி 80 டிகிரியைத் தாண்டலாம். தண்ணீர்ப் புட்டியின் பிளாஸ்டிக் 70 டிகிரியை ஒட்டியே இளகத் தொடங்கும். ஆய்வகங்களில் இருக்கும் 30 சதவீதத்தில் நீர் கொதித்து ஆவியாகவே வெளியேறும்; காணொளிகளில் கூரையைத் தொடும் நுரை அந்த வகை, அதைச் செய்பவர்கள் உடல் முழுவதும் மறைத்து நின்று செய்கிறார்கள்.

எல்லாரையும் பின்வாங்கச் செய்யுங்கள். புட்டியைத் தொடாமல் அது அடங்கும்வரை காத்திருங்கள், பிறகு நிறையத் தண்ணீர் ஊற்றிக் கழுவிவிடுங்கள். லேபிளில் சதவீதமோ வால்யூமோ தெளிவாக இல்லாத பெராக்சைடை, விலை மலிவு என்பதற்காக, இரசாயனக் கடையில் சில்லறையாக வாங்காதீர்கள்.

மூடிய மருந்துப் புட்டியே உப்பியிருந்தால் முகத்துக்கு எதிரே திறக்கக்கூடாது. குழந்தைகள் எட்டாத நிழலான இடத்தில் வைத்துவிட்டு, வாங்கிய மருந்துக்கடைக்காரரிடமோ பள்ளி வேதியியல் ஆசிரியரிடமோ சொல்லுங்கள்.

## எப்போது பிறரை அழைக்க வேண்டும்

6 சதவீதத்துக்கு மேற்பட்ட எந்தப் பெராக்சைடும், ஈஸ்ட்டுக்குப் பதிலாகப் பொட்டாசியம் அயோடைடு சேர்க்கும் எந்த முறையும், ஆய்வக வசதியும் பயிற்சியும் உள்ள வேதியியல் ஆசிரியரின் கைக்கு உரியவை. பெரிய மேடை நிகழ்ச்சிக்கு உயரமான நுரைதான் வேண்டும் என்றால் அவரை அழையுங்கள். வீரியமான பெராக்சைடை நீங்களே தண்ணீர் சேர்த்து நீர்க்கச் செய்ய முயலாதீர்கள். புதிய பெராக்சைடு, புதிய ஈஸ்ட், சரியான புட்டி, கேன் தண்ணீர் ஆகிய நான்கும் இருந்தும் நுரை வரவில்லையென்றாலும் அவரிடமே செல்லுங்கள். பெராக்சைடின் உண்மையான செறிவைப் பள்ளி ஆய்வகத்திலேயே பெர்மாங்கனேட் தரம்பார்த்தல் (பெர்மாங்கனேட் கரைசலைச் சொட்டுச் சொட்டாகச் சேர்த்து அளக்கும் முறை) மூலம் அளந்துவிட முடியும்.

நுரையில் சிதையாத பெராக்சைடு எஞ்சியிருக்கும் என்பதால் வெறுங்கையால் அளைய விட வேண்டாம். விரல் நுனி வெளுத்துச் சுருக்கென்று குத்தினால் ஓடும் நீரில் நன்றாகக் கழுவுங்கள். 3 அல்லது 6 சதவீதத்தில் அந்த வெளுப்பு சில மணி நேரத்தில் மறையும். மறையாமல் கொப்புளம் எழுந்தால் மருத்துவரிடம் காட்டுங்கள்.

கண்ணில் தெறித்தால் காத்திருக்கக் கூடாது. இமையைப் பிரித்துப் பிடித்து, சுத்தமான நீரைக் குறைந்தது 15 நிமிடம் தொடர்ந்து ஊற்றிக் கழுவிவிட்டு, எரிச்சல் தணிந்தாலும் கண் மருத்துவரிடம் அழைத்துச் செல்லுங்கள். குழந்தை பெராக்சைடைக் குடித்துவிட்டால் வாந்தி எடுக்க வைக்காதீர்கள். வாயைக் கொப்பளிக்கச் செய்து, தமிழகத்தில் 108, இலங்கையில் 1990 என்ற எண்ணில் ஆம்புலன்ஸை அழையுங்கள். மருத்துவமனைக்குப் புறப்படும்போது பெராக்சைடுப் புட்டியை மூடியைத் தளர்த்தி, லேபிள் கிழியாமல், நிமிர்த்திப் பிடித்து எடுத்துச் செல்லுங்கள். எத்தனை சதவீதம் என்பது மருத்துவருக்குத் தெரிந்தாக வேண்டும்.